கல்யாண பிளானரிடம் எதைக் கொடுக்கலாம், எதை நாமே செய்யலாம்: மூன்று வகைச் சேவை, ஒரு மதிப்பீடு

மண்டபச் சாவி கைக்கு வருவதற்கு முன்னால் செய்து முடித்து, பெட்டியில் போட்டு மூடி வைக்க முடிகிற வேலை எதுவானாலும் அதை வீட்டிலேயே செய்யலாம். சாவி வந்த பிறகுதான் தொடங்க முடியும் என்கிற வேலையை வீட்டார் தலையில் ஏற்றிக்கொள்ளவே கூடாது. பிளானருக்குப் பணம் கொடுப்பது அந்த வேலைக்குத்தான். இந்தக் கோட்டை முதலிலேயே போட்டுக்கொண்டால் பட்ஜெட்டும் நிற்கும், கல்யாணத்தன்று பெண்ணின் சித்தப்பா ஏணியில் நிற்க வேண்டியதும் வராது.

கீழே சொல்வதெல்லாம் தமிழ்நாட்டில் 400, 500 பேர் வருகிற முகூர்த்தக் கல்யாணத்துக்கு. முதல் நாள் மாலை ரிசப்ஷன், மறுநாள் காலை தாலி கட்டு, மதியச் சாப்பாட்டோடு மண்டபம் காலி என்ற வழக்கமான அமைப்பு. இதற்குக் கிடைக்கிற சேவை மூன்று வகை: எல்லாவற்றையும் எடுத்துச் செய்யும் முழு கான்ட்ராக்ட், மேடை அலங்காரம் மட்டும், கல்யாண நாளுக்கு மட்டும் ஆள் கொடுக்கும் ஒருங்கிணைப்பு.

முழு கான்ட்ராக்ட்

சாப்பாடு, மேடை, மேளம், போட்டோ, மேக்கப், பூ, புரோகிதர் வரை ஒரே ஆள் ஒரே தொகைக்கு எடுப்பது. சிங்கப்பூரிலிருந்தோ துபாயிலிருந்தோ பத்து நாள் லீவில் வந்து கல்யாணம் முடித்துப் போகிற குடும்பத்துக்கு இதைவிடப் பொருத்தமானது இல்லை. கையால் சிலவற்றைச் செய்து செலவைக் குறைக்க நினைப்பவர்களுக்கு இது ஒத்துவராது. "பத்திரிகை நாங்களே அடிச்சுக்கறோம், தாம்பூலப் பை நாங்களே போட்டுக்கறோம்" என்றால் தாராளமாகச் செய்யுங்கள் என்பார்கள். தொகை குறையாது. அவை பேக்கேஜில் இலவசம் என்ற தலைப்பில் இருக்கும். இலவசத்தைக் கழிக்க முடியாது.

இதற்கு ஒரே வழி, முன்பணம் கொடுப்பதற்கு முன் இனவாரியாக விலை போட்ட பட்டியல் வாங்குவது. ஒவ்வொரு இனத்தையும் எடுத்துவிட்டால் எவ்வளவு குறையும் என்பதை அதே தாளில் எழுதச் சொல்லுங்கள். எழுத மறுக்கும் பிளானரிடம் வீட்டு வேலையைக் கலக்க முயல வேண்டாம்.

கட்டணம் எப்படி வாங்குகிறார்கள் என்பதையும் அப்போதே கேட்டுவிடலாம். நிலையான தொகை ஒன்று. மொத்தச் செலவில் இத்தனை சதவீதம் என்பது இன்னொன்று. சமையல்காரர், போட்டோகாரர், மேளக்காரர் ஆகியோரிடமிருந்து வரும் கமிஷன் மூன்றாவது. சதவீதக் கணக்கில் வேலை செய்பவருக்கு உங்கள் செலவு குறைவதில் லாபம் எதுவும் இல்லை. வீட்டு வேலையையும் பிளானரையும் சேர்த்து நடத்துகிறவர்களுக்கு நிலையான தொகைதான் சரி. நிகழ்ச்சி ஏற்பாட்டுக்கும் மண்டப வாடகைக்கும் ஜிஎஸ்டி 18 சதவீதம். வாயால் சொன்ன தொகை வரியோடா, வரி தனியா என்பது மூன்று லட்ச ரூபாய் பில்லில் 54,000 ரூபாய் வித்தியாசம்.

மேடை அலங்காரம் மட்டும்

அதிகம் விற்பது இதுதான், அதிகம் மனத்தாங்கல் வருவதும் இதில்தான். காரணம் பெரும்பாலும் தாளில் எழுதாத மூன்று விஷயம்.

முதலாவது அளவு. கொட்டேஷனில் பின்புறச் சட்டம் 24 அடி என்று இருக்கும். மண்டப மேடை 36 அடி அகலமாக இருந்தால் இரண்டு பக்கமும் ஆறு ஆறு அடி வெறும் சுவர் தெரியும். அன்றைக்குச் சாயங்காலம் "சைடு பேனல் தனி" என்று பேச்சு வரும், மறுக்கவும் முடியாது. பேசப் போகும்போதே மேடையின் அகலம், ஆழம், உயரம், படிக்கட்டு எந்தப் பக்கம், மின் பாயிண்ட் எங்கே என்று டேப் வைத்து அளந்து குறித்துக்கொண்டு போங்கள்.

இரண்டாவது பூ. காட்டுகிற போட்டோவில் நிஜ ரோஜா, மண்டபத்தில் துணிப் பூ. கொட்டேஷனில் "பூ அலங்காரம்" என்று மட்டும் இருந்தால் இரண்டும் அதற்குள் அடங்கும். எந்த இடத்தில் நிஜப் பூ, எந்த இடத்தில் செயற்கைப் பூ என்று எழுதி வாங்க வேண்டும். கண்ணுக்கு அருகில் வருகிற இடங்களில், அதாவது மணவறைத் தூண், மேடையின் முன்விளிம்பு, வரவேற்பு வாசலில் நிஜப் பூ கேளுங்கள். எட்டடிக்கு மேலே, பின்புறத்தில் செயற்கைப் பூவே போதும். கேமராவில் வித்தியாசம் தெரியாது.

தை முகூர்த்தமானால் மல்லிகையை அலங்காரக் கணக்கிலிருந்தே எடுத்துவிடுவது நல்லது. பனிக்காலத்தில் செடி மொட்டு வைப்பது குறையும், கல்யாணமோ நிறைய. மதுரை மாட்டுத்தாவணி, சென்னை கோயம்பேடு பூச்சந்தைகளில் கிலோ 2,000 ரூபாயைத் தாண்டிப் போவது வழக்கம். தலைக்கு வைக்கவும் மாலைக்கும் மட்டும் மல்லிகை. சரம் தொங்கவிடச் சம்பங்கியும் செண்டுமல்லியும் போதும். செண்டுமல்லி முதல் நாள் கோத்தாலும் மறுநாள் மதியம் வரை நிற்கும். மல்லிகையைக் காலையில் பறித்தால் அன்று மாலையே மலர்ந்துவிடும். ரிசப்ஷனுக்குக் கட்டிய மல்லிகைச் சரம் விடியற்காலை முகூர்த்தத்தில் பழுப்பேறியிருக்கும்.

மூன்றாவதுதான் மிக முக்கியம்: இரவு மாற்றம். ரிசப்ஷன் மேடையும் மணவறையும் ஒரே இடத்தில் வருகின்றன. கடைசி குரூப் போட்டோ முடிய இரவு பத்தரை ஆகிவிடும். பதினொரு மணிக்கு சோபாவை இறக்கி, பின்புறச் சட்டத்தைப் பிரித்து, கார்பெட்டைச் சுருட்டுவார்கள். மணவறைத் தூண் நிற்க ஒரு மணி. பூக்கட்டு மூன்று மணிக்கு. நாலரைக்கு முகூர்த்தம் என்றால் புரோகிதர் மூன்றரைக்கெல்லாம் வந்து செங்கல் அடுக்கி மணல் பரப்ப இடம் கேட்பார். இந்த ஐந்து மணி நேரத்தில் அலங்காரக் குழு மேடையில் இருக்க வேண்டும். நெருக்கடியான முகூர்த்த நாளில் அதே ஆட்கள் பத்து கிலோமீட்டர் தள்ளி இன்னொரு மண்டபத்தில் மேடையைப் பிரித்துக்கொண்டிருப்பார்கள். ஒப்பந்தத்தில் "இரவு மாற்றத்துக்குத் தனிக் குழு, இத்தனை பேர், இத்தனை மணிக்குள் மணவறை ஒப்படைப்பு" என்ற வரி இருக்கிறதா என்று பாருங்கள். ஒரு மேடையே இரண்டுக்கும் பொருந்துகிற மாதிரி, பின்புறத்தை அப்படியே வைத்து முன்னால் நான்கு தூண் மட்டும் நிறுத்துகிற வடிவம் கேட்டால் செலவும் குறையும், தூக்கமும் மிஞ்சும். பட்ஜெட் கல்யாணத்துக்கு இதைத்தான் உறுதியாகச் சொல்வோம்.

மேடையை வீட்டாரே செய்துவிடலாம் என்று கிளம்புவது இந்த இடத்தில்தான் முறியும். மண்டபம் மதியம் மூன்று மணிக்குக் கையில் கிடைக்கும் என்பது பேச்சு. காலையில் கல்யாணம் நடத்தியவர்கள் காலி செய்ய நாலு ஆகும். விருந்தாளிகள் ஆறரைக்கு வருவார்கள். இரண்டரை மணி நேரத்தில் பின்திரை கட்ட, பட்டுப் புடவை கட்டாத ஆறு பேர் வேண்டும். கல்யாண வீட்டில் அப்படி ஆறு பேர் கிடைக்க மாட்டார்கள்.

இன்னொன்று தீ. மேடைத் திரைகள் பெரும்பாலும் பாலியஸ்டர், நெட் துணி. ஹோம குண்டத்தில் நெய் விழுந்து எழும் சுவாலைக்கும் தூணில் சுற்றிய துணிக்கும் நடுவில் நான்கடி இடைவெளியாவது இருக்க வேண்டும். குண்டத்துக்கு நேர் மேலே துணிக் கூரை போடவே கூடாது. ஏசி காற்று துணியை எந்தப் பக்கம் தள்ளுகிறது என்பதை ஏசி ஓடும்போது நின்று பார்க்க வேண்டும். மேடைக்குக் கீழே ஒரு தீயணைப்பான் வையுங்கள்.

வீட்டில் செய்யத் தகுந்தவை

தாம்பூலப் பை, சீர்வரிசைத் தட்டு, ஆரத்தித் தட்டு, பெயர்ப் பலகை, பத்திரிகை, வரவேற்பு மேசைப் பொருட்கள். இவை எல்லாமே முன்கூட்டி முடிபவை.

தாம்பூலப் பையில் தவறுவது தேங்காயும் வெற்றிலையும். தேங்காயைக் குடுமியோடு வாங்குங்கள். குடுமியை எடுத்தால் கண் வழியாகக் காற்றும் ஈரமும் புகுந்து சீக்கிரம் கெடும். வெற்றிலையை ஈரத் துணியில் சுற்றி வைத்திருந்துவிட்டு, பையில் போடும் முன் துடைத்துப் போட வேண்டும். ஈரத்தோடு போனது மறுநாள் அழுகும். அதனால் பாக்கு, மஞ்சள், குங்குமம், நன்றி அட்டை ஆகியவற்றை ஒரு வாரம் முன்னால் போட்டு அடுக்கிவிடலாம். தேங்காயும் வெற்றிலையும் முதல் நாள் இரவு மட்டும். பை துணியாகத்தான் இருக்க வேண்டும்: 2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் தடை செய்யப்பட்ட பொருட்களில் பிளாஸ்டிக் கைப்பையோடு, துணி போலத் தெரிகிற நான்-வூவன் பையும் உண்டு. கடையில் "இது துணிதான் சார்" என்று கொடுப்பது பல நேரம் அதுதான். மஞ்சப்பை தைக்கக் கொடுத்தால் கைப்பிடி இரட்டைத் தையலாக இருக்கட்டும். தேங்காய் எடைக்கு ஒற்றைத் தையல் பிரியும். பெயர் அச்சடிக்க மூன்று வாரம் முன்னதாகக் கொடுங்கள். எண்ணிக்கை, வருகிற தலைக்கணக்கில் மூன்றில் இரண்டு பங்கு. குடும்பத்துக்கு ஒன்று என்று கொடுத்தாலும் தனியாக வருகிற நண்பர்கள், அலுவலகத்தார் கணக்கை ஏற்றிவிடுவார்கள்.

சீர்வரிசைத் தட்டுகளில் பழத் தட்டு தவிர மற்றதை ஐந்து நாள் முன்னால் கட்டிவிடலாம். சூடான பசைத் துப்பாக்கியால் ஒட்டியது, வெயிலில் நிறுத்திய காரின் டிக்கியில் இளகிப் பிரியும். ஒட்டுவதோடு மெல்லிய கம்பியாலும் கட்டுங்கள். பழத்தை பிளாஸ்டிக் தாளில் இறுக்கி மூடினால் வேர்த்து வெள்ளை படியும். நெட் துணி போதும். தட்டுகளை எண்ணிட்டு, எந்தப் பெட்டியில் எது என்று ஒரு தாள் எழுதி மூடியில் ஒட்டிவிட்டால் மண்டபத்தில் யார் வேண்டுமானாலும் எடுத்து வைக்கலாம். இந்தத் தாள்தான் வீட்டு வேலைக்கும் பிளானர் வேலைக்கும் நடுவில் உள்ள பாலம்.

பெயர்ப் பலகைக்குத் தெர்மோகோல் எழுத்து வேண்டாம். அலங்காரத் தெர்மோகோல் 2022 ஜூலை 1 முதல் நாடு முழுவதும் தடை. பத்திரிகை மேலும் இனிப்புப் பெட்டி மேலும் சுற்றுகிற பிளாஸ்டிக் படலமும் அதே தடையில் வருகிறது. மரத்தூளை அழுத்திச் செய்த எம்டிஎஃப் பலகையில் எழுத்து வெட்டிக் கொடுக்கிறார்கள். வர்ணம் நாமே அடித்துக்கொள்ளலாம். சென்னைக்காரர்கள் பத்திரிகைக்கு பாரிமுனை ஆண்டர்சன் தெருவில் நேரே போய்த் தாளைத் தொட்டுப் பார்த்து வாங்கினால், பிளானர் வழியாகப் போவதைவிட நிச்சயம் குறையும்.

செண்டுமல்லித் தோரணம் வீட்டில் கோக்க நினைத்தால், முதலில் ஒரே ஒரு சரம் கோத்து எடை போடுங்கள். அதைச் சரங்களின் எண்ணிக்கையால் பெருக்கி, உதிர்வுக்குப் பத்து சதவீதம் கூட்டிப் பூ வாங்குங்கள். குத்துமதிப்பாக வாங்கினால் ஒன்று மீந்து போகும், இல்லாவிட்டால் வாசலின் ஒரு பக்கம் வெறுமையாக நிற்கும். தென்னங்குருத்துத் தோரணம் முதல் நாள் காலை வெட்டி, ஈரச் சாக்கில் சுற்றி வைத்தால் மறுநாள் நிறம் மாறாது.

மொய் எழுதும் மேசை எந்த பேக்கேஜிலும் இருக்கக் கூடாது. வீட்டு ஆள் இரண்டு பேர், ஒருவர் எழுத ஒருவர் வாங்க, பக்க எண் போட்ட நோட்டு, பூட்டுகிற பெட்டி, பந்தி ஒவ்வொன்று முடிந்ததும் தொகை கூட்டிக் கையெழுத்து. நகை அறைச் சாவியும் அப்படியே, ஒரே ஒருவரிடம்.

பெரிய பணம் இருக்கிற இடம்

கைவேலையில் மிச்சம் பிடிப்பது சில ஆயிரங்கள். இலைக் கணக்கில் போவது பல ஆயிரங்கள். ஓர் இலை 400 ரூபாய் என்று வைத்துக்கொண்டால், 50 இலை கூடுதலாகச் சொல்லிவிட்டால் 20,000 ரூபாய். ஒரு வாரம் உட்கார்ந்து தட்டு அலங்கரித்துச் சேமித்ததைவிட அது அதிகம். பத்திரிகை எண்ணிக்கையை வைத்துத் தலைக்கணக்கு போடாதீர்கள். ஊர் வாரியாக, வீடு வாரியாக, ரிசப்ஷனுக்கு மட்டுமா, முகூர்த்தத்துக்குமா என்று இரண்டு பத்தியில் பெயர் எழுதி, பத்து நாள் முன்னால் போன் போட்டுக் கேளுங்கள். சமையல்காரரிடம் குறைந்தபட்ச உறுதி எண்ணிக்கையைச் சற்றுக் குறைவாகவே சொல்லி, அதற்கு மேல் எத்தனை பேர் வரை சமாளிப்பார் என்று எழுதி வாங்குங்கள். கல்யாணத்தன்று இலைக்கட்டை எண்ணி வாங்கி, மிஞ்சியதை எண்ணிக் கழிப்பதற்கு ஓர் ஆள் வேண்டும். மேளக்காரர், போட்டோகாரர், டிரைவர்கள், அலங்கார ஆட்கள் சாப்பிடும் இலையும் பில்லில் ஏறுகிறதா என்பதை முன்பே பேசிவிட வேண்டும். எஃப்எஸ்எஸ்ஏஐ (மத்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம்) உரிமம் உள்ள சமையல்காரரா என்றும் பாருங்கள்.

பந்திக் கணக்கும் இதோடு சேர்ந்தது. சாப்பாட்டுக் கூடத்தில் 150 இருக்கை, ஒரு பந்தி முடித்து இலை எடுத்துத் துடைக்க 45 நிமிடம் என்றால், ஏழு மணியிலிருந்து பத்து மணிக்குள் நான்கு பந்தி, 600 பேர். உங்கள் கணக்கு இதற்கு மேல் போனால் அலங்காரத்தைக் குறைத்துவிட்டுப் பெரிய சாப்பாட்டுக் கூடம் உள்ள மண்டபம் பாருங்கள்.

கொட்டேஷனில் "மியூசிக் லைசென்ஸ்" என்று ஒரு தொகை இருந்தால் எதற்கு என்று கேளுங்கள். கல்யாணத்திலும் கல்யாணத்தை ஒட்டிய நிகழ்ச்சிகளிலும் பாட்டுப் போட உரிமத் தொகை தேவையில்லை என்று 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 52வது பிரிவைச் சுட்டி மத்திய அரசு 2023 ஜூலையில் பொது அறிவிப்பே வெளியிட்டிருக்கிறது. ஒலிபெருக்கி நேரக் கட்டுப்பாடு வேறு விஷயம்: இரவு பத்து முதல் காலை ஆறு வரை மண்டபத்துக்கு வெளியே குழாய் கட்டக் கூடாது. விடியற்காலை முகூர்த்தமானால் நாதஸ்வரம் உள்ளேயே இருக்கட்டும்.

ஒருநாள் ஒருங்கிணைப்பு

மூன்று வகையில் எங்கள் தேர்வு இதுதான். முதல் நாள் மதியம் தொடங்கி மறுநாள் மண்டபம் காலி செய்யும்வரை ஒரு மேற்பார்வையாளர், அவருக்குக் கீழே நான்கைந்து பேர். ஆட்களை நீங்களே பேசி வைத்திருப்பீர்கள். அவர்களை நேரத்துக்கு வரவைப்பது, நீங்கள் செய்த பெட்டிகளைத் திறந்து இடத்தில் வைப்பது, வாசலில் சந்தனம், கல்கண்டு, பன்னீர் கொடுப்பது, பந்திக்கு ஆள் அனுப்புவது, தாம்பூலப் பை கொடுப்பது அவர்கள் பொறுப்பு. வீட்டில் செய்த வேலை மண்டபத்தில் மதிப்போடு காட்சிக்கு வருவது இந்தச் சேவையால்தான். இது இல்லாமல் அழகாகச் செய்த தட்டு பலதும் நகை அறை மூலையில் அப்படியே கிடந்து வீட்டுக்குத் திரும்பும்.

இதில் குறை என்றால், எல்லாம் அந்த ஒரு மேற்பார்வையாளரைப் பொறுத்தது. பேச வந்தவர் ஒருவர், அன்றைக்கு வருபவர் இன்னொருவர் என்றால் பயனில்லை. அதே நாளில் வேறு எத்தனை கல்யாணம் எடுத்திருக்கிறீர்கள் என்று கேளுங்கள், வரப்போகிறவரின் பெயரை ஒப்பந்தத்தில் எழுதுங்கள். ஒரு வாரம் முன்னால் அவரை மண்டபத்துக்கே கூட்டிப்போய் ஒவ்வொரு பெட்டிக்கும் இடம் காட்டுங்கள். உங்கள் பக்கத்திலிருந்து அவரிடம் பேசுவதற்கு ஒரே ஒருவரைச் சொல்லிவிடுங்கள், அது பெண்ணோ மாப்பிள்ளையோ பெற்றோரோ வேண்டாம். மாமாவோ அத்தையோ ஆளுக்கொன்று சொன்னால் எந்த நல்ல ஆளாலும் வேலை செய்ய முடியாது.

சாவி வாங்கும்போது மின் மீட்டரைப் போட்டோ எடுக்கச் சொல்லுங்கள், காலி செய்யும்போதும். ஜெனரேட்டர் ஓடிய மணியும் அப்படியே. சுவரில் ஆணி, டைல்ஸ் கறை, பாத்திரக் குறைவு என்று டெபாசிட்டில் பிடிப்பவற்றுக்கு, மண்டப மேலாளரோடு அலங்காரக்காரரும் நின்று கையெழுத்துப் போட்டால்தான் யார் பொறுப்பு என்பது தீரும். எல்லாரும் கிளம்பிய பிறகு பேசினால் அது உங்கள் டெபாசிட்டிலிருந்துதான் போகும். பிளானரின் கடைசித் தவணையை இந்தக் கையெழுத்துக்குப் பிறகு கொடுங்கள். மொத்தத்தில் பத்து சதவீதமாவது அதற்கென்று நிறுத்தி வையுங்கள்.

திருமணப் பதிவு எந்த பேக்கேஜிலும் பெரும்பாலும் வராது. தமிழ்நாட்டில் 2009 சட்டப்படி பதிவு கட்டாயம்: 90 நாளுக்குள், தவறினால் கூடுதல் கட்டணத்தோடு மேலும் 60 நாள். பத்திரிகையில் ஐந்தாறு பிரதியையும் மண்டப ரசீதையும் தனி உறையில் எடுத்து வைத்துவிட்டு மற்றதைப் பெட்டியில் போடுங்கள்.